உங்கள் நிர்வாகியைத் தொடர்பு கொள்ளவும்

அன்புள்ள சலீம்,

சென்ற வெள்ளிக்கிழமை, ஜும்ஆ தொழுகை முடிந்து வந்தபின், பிற்பகல் மூன்றேகால் மணிக்கு, நம் வீட்டுக் கணினியில் ஒன்பது ஆண்டுகளாகப் பூட்டிக் கிடந்த ஆப் ஸ்டோர் மீண்டும் திறக்கப்பட்டது. உன் அம்மாவும் கணினி மெக்கானிக் தாமோதரனும் சாட்சிகளாக இருந்தார்கள். முடிவை எடுத்தவன் நான். இரண்டு நாள் யோசித்து எடுத்த முடிவு. ஜும்ஆவுக்காகச் சாத்திய கடையை அன்று மாலை வரை நான் திறக்கவில்லை. புயல் கரையைக் கடந்த வருஷங்களில்கூட பாகூரில் முதலில் ஷட்டரைத் தூக்கியவன் நான் என்பது உனக்குத் தெரியும். எனவே விஷயத்தின் கனத்தை நீயே அளந்துகொள்ளலாம்.

இதை உன்னிடம் நேரில் சொல்லியிருக்கலாம். நேற்று ஞாயிற்றுக்கிழமை, நீ வரவில்லை. ஷிஃப்ட் என்றாய். நீ வேலை பார்க்கும் திருவாண்டார்கோயிலிலிருந்து பாகூருக்கு பஸ் இருக்கிறது, பைக்கும் உன்னிடம் இருக்கிறது என்பதை நான் எடுத்துச் சொல்லவில்லை. போனில் பேசலாம் என்றால், நான் இரண்டாவது வாக்கியத்துக்குப் போவதற்குள் நீ முதல் வாக்கியத்துக்குப் பதில் சொல்லிவிடுகிறாய். கடிதத்துக்கு அந்தத் தொல்லை இல்லை. உறையை ஒட்டாமல்தான் அனுப்புகிறேன். வழியில் யாராவது படித்தால் படிக்கட்டும். பஜாரில் பாதிப் பேருக்கு விஷயம் ஏற்கெனவே தெரியும். அது எப்படித் தெரிந்தது என்பதிலிருந்தே தொடங்குகிறேன்.

புதன்கிழமை காலை பதினோரு மணி இருக்கும். ஏரியில் மடை திறந்த வாரம் என்பதால் கடையில் கூட்டம். ஒருவர் மோட்டாருக்கு ஃபுட் வால்வு வாங்கிக்கொண்டிருந்தார். அப்போது வில்லியனூர் பஸ்ஸிலிருந்து உன் வருங்கால மாமனார் இறங்கி வந்தார். மார்போடு அணைத்தபடி ஒரு அட்டைப் பெட்டி. நிச்சயம் ஆனபின் நீ பர்வீனுக்கு வாங்கிக் கொடுத்த லேப்டாப் பெட்டி அது என்று எனக்கு உடனே தெரியவில்லை. பழம் என்று நினைத்தேன்.

“இன்னா பாய், சொல்லாம கொள்ளாம? உள்ள வாங்க.”

“உள்ள வரதுக்கு நேரமில்ல பாய். இத்தக் குடுத்துட்டுப் போலாம்னு வந்தேன். மாப்ள வாங்கிக் குடுத்த லேப்டாப்பு. சார்ஜரும் உள்ளாற இருக்கு, பாத்துக்குங்க.”

“ஏன், ஒடைஞ்சிடுச்சா?”

“ஒடையல. தொறக்க மாட்டேங்குது. அதாவது, தொறக்குது. ஆனா ஒண்ணுத்தையும் உள்ள வுட மாட்டேங்குது.”

பிறகு அவர் விவரமாகச் சொன்னார். பர்வீன் வில்லியனூரில் ஒரு அச்சகத்துக்குக் கல்யாணப் பத்திரிகையும் நோட்டீசும் வடிவமைத்துக் கொடுக்கிற பெண். உனக்கு அது தெரியும், லேப்டாப் வாங்கியதே அதற்காகத்தான். அவள் வழக்கமாக வேலை செய்யும் ஆப்பை ஸ்டோரிலிருந்து இறக்கிக்கொள்ளலாம் என்று பார்த்திருக்கிறாள். ஸ்டோரைக் காணவில்லை. வேறு வழியாக ஏற்றிப் பார்த்தாள். ‘உங்கள் நிர்வாகியைத் தொடர்பு கொள்ளவும்’ என்று திரை சொன்னது. இந்த நிர்வாகி யார் என்று உனக்குப் போன் செய்து கேட்டாள். “நான்தான்” என்றாய். அத்தோடு நிறுத்தியிருக்கலாம். இன்னா வேணும்னு லிஸ்ட் போட்டு வெய், ஞாயித்துக்கெழம வந்து போட்டுத் தரேன் என்றும் சொல்லியிருக்கிறாய்.

“அதுக்கு அவ இன்னா சொன்னா?” என்று கேட்டேன்.

“பட்டுன்னு போன வெச்சிட்டா. அப்பால என்னாண்ட வந்து, ‘அவங்க வூட்டுக்குப் போனப்புறமும் இப்படித்தானான்னு கேட்டுச் சொல்லுங்க அத்தா’ன்னா. அதுக்குப் பதில் தெரிஞ்சிக்கினு கல்யாணத் தேதி பேசலாம்னு சொல்றா. அவ ஒண்ணு முடிவு பண்ணா நான் இன்னா பண்றது, சொல்லுங்க.”

ஃபுட் வால்வுக்காரர் அதுவரை போகவில்லை. அவருக்கு வால்வு கிடைத்திருந்தது, கதையின் முடிவு கிடைக்கவில்லை. “ஏன் பாய், பாஸ்வேர்ட சொல்லிட்டாப் போச்சு. இதுக்குப் போயி கல்யாணத்த நிறுத்துவாங்களா?” என்றார். கல்யாணம் நின்றுவிட்டது என்று சொன்ன முதல் ஆள் அவர். மதியத்துக்குள் அதை வேறு நான்கு பேர் என்னிடமே வந்து சொன்னார்கள்.

அன்று பிற்பகல் உனக்குப் போன் செய்தேன். நீ சொன்ன பதிலை அப்படியே எழுதுகிறேன். “அத்தா, இது செக்யூரிட்டி. கம்பெனில நூத்தி நாப்பது மெஷின்ல ஸ்டோர எடுத்துட்டேன். ஒருத்தன் வாயத் தொறந்தானா? கண்டதையும் உள்ள ஏத்திக்கினு அப்பால என்னாண்டதான வந்து நிப்பா? அவளுக்கு இன்னா வேணுமோ, கேட்டா நான் போட்டுத் தர மாட்டனா?”

தொழிற்சாலையில் கணினிகளைக் காவல் காப்பது உன் வேலை. அதை நன்றாகச் செய்கிறாய் என்று கேள்விப்படும்போது எனக்குப் பெருமைதான். நூற்று நாற்பது கணினிகளைப் பற்றி நான் பேச வரவில்லை. அவை கம்பெனியுடையவை. அங்கே உட்காருகிறவர்கள் மாலை ஆறு மணிக்கு எழுந்து வீட்டுக்குப் போய்விடுவார்கள். என் காதில் தங்கிய வார்த்தை ‘கேட்டா’. அந்த வார்த்தையை நீ தொழிற்சாலையில் கற்கவில்லை. அது நம் கடையின் வார்த்தை.

நம் கடை எப்படிப்பட்டது என்று உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. ஆனாலும் அதற்குள் வளர்ந்தவன் அதைப் பார்த்திருக்க வாய்ப்பில்லை என்பதால் சொல்கிறேன். முன்னால் ஒரு மேஜை. மேஜைக்கு இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் ஊர். எனக்குப் பின்னால் கூரை வரை டப்பாக்கள். எந்த டப்பாவின் மேலும் எதுவும் எழுதியிருக்காது. அரை இஞ்ச் எல்போ எதில், முக்கால் இஞ்ச் எதில், கதவுக் கீல் எதில் என்பது எனக்கு மட்டும் தெரியும். கேட்டால் எடுத்துக் கொடுப்பேன். கேட்காமல் யாரும் எடுக்க முடியாது. இதை என் ஞாபகசக்தி என்று ஊரில் சொன்னார்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன். எங்கள் தொழிலில் இன்னொரு வழக்கமும் உண்டு. தேடியும் கிடைக்காத சரக்கை ‘எங்கே வெச்சேன்னு தெரியல’ என்று சொல்ல மாட்டோம். ‘ஸ்டாக் இல்ல, வியாழக்கிழமை வரும்’ என்போம். வியாழக்கிழமைக்குள் அது கண்ணில் பட்டுவிடும். படாவிட்டால் அடுத்த வியாழக்கிழமை இருக்கிறது. முப்பத்தோரு வருஷம் இந்த முறையில் கடை நடந்திருக்கிறது.

உனக்கு எட்டு வயதாக இருந்தபோது எனக்குக் குடலிறக்க ஆபரேஷன் நடந்தது. மூன்று வாரம் கடைக்குப் போகக் கூடாது என்றார்கள். கடையைச் சாத்தச் சொன்னேன். உன் அம்மா சாத்தவில்லை. சாவியை எடுத்துக்கொண்டு போய்த் திறந்து உட்கார்ந்துவிட்டாள். முதல் இரண்டு நாள் எதையும் கண்டுபிடிக்க முடியாமல் தவித்திருக்கிறாள். மூன்றாம் நாள் உன் பழைய நோட்டுப் புத்தகத்தைக் கிழித்து, எல்லா டப்பாக்களையும் இறக்கித் திறந்து பார்த்து, ஒவ்வொன்றிலும் என்ன இருக்கிறது என்று எழுதிப் பசை தடவி ஒட்டிவிட்டாள். அவள் கையெழுத்து அச்சடித்தது போலிருக்கும். அதன் பிறகு வாங்க வந்தவர்களே டப்பாவைக் காட்டிக் கேட்டார்கள். ஒருவர்கூட வியாழக்கிழமை வரச் சொல்லப்படவில்லை.

நான் திரும்பி வந்து பார்த்தேன். நல்லா இருக்கு என்று சொன்னேன். அன்று பிற்பகல் அவள் வீட்டுக்குப் போனதும், ஈரத்துணியை வைத்து ஊறவிட்டு, ஒவ்வொரு சீட்டாக உரித்தேன். கீழ் வரிசைக்கு எனக்குக் குனிய முடியாததால் நீ உரித்தாய். நகத்தால் அழகாக உரித்தாய். உனக்குக் கடலைமிட்டாய் வாங்கிக் கொடுத்தேன். உன் அம்மா அடுத்த முறை சாப்பாடு கொண்டுவந்தபோது டப்பாக்களைப் பார்த்தாள். “எங்க போச்சு?” என்று கேட்டாள். “பூச்சி அரிக்குது” என்றேன். அவள் டிபன் கேரியரை வைத்துவிட்டுப் போனாள். அதற்குப் பிறகு எந்த அவசரத்துக்கும் அவள் கடையில் உட்காரவில்லை. பெண்களுக்கு வியாபாரத்தில் அக்கறை இல்லை என்று நான் சிலரிடம் சொன்னதும் உண்டு.

இனி கணினிக்கு வருகிறேன். நீ ப்ளஸ் ஒன் படித்தபோது உன் படிப்புக்காக அதை வாங்கினோம். ஸ்டோர் என்பது கணினியோடு உள்ளேயே வருகிற ஒரு கடை என்பதை நீ எனக்கு விளக்கினாய். விளையாட்டு, படம் வரைகிற ஆப், பாடம், எழுத்து எல்லாம் அடுக்கி வைத்திருக்கும், யாரையும் கேட்காமல் எடுத்துக்கொள்ளலாம் என்றாய். யாரையும் கேட்காமல் எடுத்துக்கொள்ளலாம் என்கிற ஒரு கடை என் வீட்டின் முன் அறையில் நடந்துகொண்டிருப்பதை என்னால் ஏற்க முடியவில்லை. போதாததற்கு நீ அங்கிருந்து பஸ் ஓட்டுகிற விளையாட்டை இறக்கினாய். மலைப்பாதையில், மழையில், பயணிகளோடு, பள்ளி விட்டு வந்ததிலிருந்து இரவு இஷா தொழுகை வரை பஸ் ஓட்டினாய். அரையாண்டுத் தேர்வில் கணக்கில் முப்பத்தெட்டு வாங்கினாய். பஸ் எங்கும் மோதவில்லை என்பதையும் சொல்ல வேண்டும்.

தாமோதரனைக் கூப்பிட்டேன்.

“இந்த ஸ்டோர எடுத்துடு தாமோதரா.”

“அது எடுக்க வராது பாய். மெஷினோடவே பொறந்தது.”

“பொறந்தா இன்னா, அறுத்துடு.”

“அறுத்தாலும் அடுத்த அப்டேட்டுல மொளைச்சிடும். பூட்டலாம். ஆனா பூட்டுனா பையனுக்கு மட்டும் பூட்டாது. வூட்ல எல்லாருக்கும் பூட்டும். பரவால்லியா?”

“வூட்ல எல்லாரும்னா யாரு, அவன் அம்மாதான? அவளுக்கு இதுல இன்னா வேல. பூட்டு.”

அப்படி இரண்டு கணக்குகள் ஏற்பட்டன. ஒன்று ‘நிர்வாகி’, அது நான். மற்றொன்றுக்கு ‘வீடு’ என்று பெயர் வைத்தோம், அது நீங்கள் இருவரும். வீட்டால் எதையும் உள்ளே கொண்டுவர முடியாது. பாஸ்வேர்டு போடும்போது தாமோதரனையும் நம்பவில்லை. அவனைக் கேட்டுக்கு வெளியே போய் நிற்கச் சொல்லிவிட்டு நானே அடித்தேன். ஒரு விரலால், இரண்டு முறை.

அந்தப் பூட்டு உன்னை ஆறு நாள் தடுத்தது. ஏழாம் நாளிலிருந்து நீ உன் சினேகிதன் வீட்டில் பஸ் ஓட்டினாய். பிறகு உனக்கே சலித்துப் படித்தாய், தேறினாய், காலேஜுக்குப் போனாய், உனக்கென்று வேறு கணினி வந்தது. வீட்டுக் கணினி முன் அறையிலேயே இருந்தது. ஒன்பது ஆண்டுகளில் அந்தப் பூட்டு உருப்படியாகத் தடுத்து நிறுத்திய ஒரே ஆள் உன் அம்மா. அவள் ஒரு நாளும் பஸ் ஓட்டியதில்லை.

அவள் என்ன கேட்டாள் என்பது உனக்குத் தெரியாது. நீ அப்போது அடுத்த அறையில் ஆன்லைன் வகுப்பில் இருந்தாய். ஊரடங்கு வந்த வருஷம். அதுவரை தினம் மாலை அஸர் தொழுகைக்குப் பிறகு தெருவிலிருந்து பதினான்கு பிள்ளைகள் நம் வீட்டுக்குக் குர்ஆன் ஓத வந்துகொண்டிருந்தார்கள். உன் அம்மா பன்னிரண்டு வருஷமாக நடத்திய வகுப்பு அது. பிள்ளைகள் வரமுடியாமல் போனது. முகம் பார்த்துப் பேசுகிற ஒரு ஆப்பைக் கணினியில் போட்டுக் கொடுத்தால் இங்கிருந்தே ஓதிக் கொடுக்கலாம் என்று பிள்ளைகளின் அம்மாக்கள் சொல்லியிருக்கிறார்கள். அவளிடம் இருந்தது பட்டன் போன். வீட்டில் இருந்த நல்ல போன் என்னிடம் இருந்தது. கடை மூடியிருந்ததால் எனக்கு அதில் உலக நிலவரம் முழுவதையும் பார்க்க வேண்டியிருந்தது. உன்னிடம் கேட்கலாம் என்றால், கணினி விஷயத்தை உன்னிடம் கேட்கக் கூடாது என்று நானே உத்தரவு போட்டிருந்தேன்.

மூன்று முறை என்னிடம் கேட்டாள். முதல் முறை, “இப்போ இன்னா அவசரம், நாலு நாள்ல எல்லாம் சரியாயிடும்” என்றேன். இரண்டாம் முறை, “பார்க்கலாம்” என்றேன். மூன்றாம் முறை, “அதெல்லாம் ஏத்துனா கண்டதும் கூடவே உள்ள வந்துடும். பேங்க் விவரமெல்லாம் அதுல இருக்கு” என்றேன். பேங்க் விவரம் எதுவும் அதில் இல்லை. நான்காம் முறை அவள் கேட்கவில்லை. சில வாரங்களில் வெளியூர் உஸ்தாத் ஒருவர் போனில் வகுப்பு தொடங்கினார். பிள்ளைகள் அங்கே சேர்ந்தார்கள். ஊரடங்கு முடிந்த பிறகும் அங்கேயே இருந்தார்கள். மாலையில் வீடு அமைதியாக இருந்தது. எனக்கு அது பிடித்திருந்தது. கடையிலிருந்து டீக்கு வந்தால் கொஞ்சம் படுக்க முடிந்தது.

இதில் இன்னொன்று இருக்கிறது. வெள்ளிக்கிழமை வரை இதை நான் யாரிடமும் சொன்னதில்லை. அவள் கேட்ட அந்த மூன்று முறையும் எனக்குப் பாஸ்வேர்டு தெரியாது. அதற்கு முந்தைய வருஷமே மறந்துபோயிருந்தது. அவள் முதல் முறை கேட்ட மறுநாள், விடியற்காலை ஃபஜ்ர் தொழுகைக்குப் பிறகு அவள் அடுப்படியில் இருந்தபோது, நான் கணினி முன் உட்கார்ந்து முயன்று பார்த்தேன். கடை போன் எண்ணைப் போட்டேன். நீ பிறந்த தேதியைப் போட்டேன். என் முதல் ஸ்கூட்டரின் நம்பரைப் போட்டேன். தவறு என்று அது ஒவ்வொரு முறையும் மரியாதையாகச் சொன்னது. தாமோதரனும் கிருமாம்பாக்கத்திலிருந்து வர முடியாத காலம். மறந்துவிட்டேன் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் உன் அம்மா சிரித்திருப்பாள். பக்கத்து வீட்டில் ஒரு போன் கேட்டு வாங்கிக்கொண்டு, அன்றைக்கே வகுப்பை நடத்தியிருப்பாள். எனக்கு அந்த வார்த்தை வரவில்லை. ஸ்டாக் இல்ல, வியாழக்கிழமை வரும் என்பதைத்தான் வேறு வேறு விதமாக மூன்று முறை சொன்னேன்.

புதன்கிழமை இரவு சாப்பிடும்போது பர்வீன் பெட்டியைத் திருப்பி அனுப்பிய கதையை அவளிடம் சொன்னேன். இந்தக் காலத்துப் பெண்களைப் பற்றி அவள் ஏதாவது சொல்வாள், அதை வைத்துக்கொண்டு சம்பந்தியிடம் பேசலாம் என்பது என் திட்டம். அவள் எனக்கு ரசம் ஊற்றிவிட்டு, “அந்தப் பொண்ணு கேட்டுடுச்சு” என்றாள். பிறகு, “நான் மூணு தடவ கேட்டேன். ஆனா ஏன் இப்படின்னு நான் ஒரு தடவகூட கேக்கல” என்றாள். நான் ஊரடங்கு வகுப்பையா சொல்கிறாய் என்று கேட்டேன். “சீட்டையும் சேத்துதான் சொல்றேன். பூச்சி ஒண்ணும் அரிக்கல” என்றாள். பதினேழு வருஷம் ஆகிறது, சலீம். எனக்கே பூச்சி என்று சொன்னது அப்போதுதான் ஞாபகம் வந்தது.

வெள்ளிக்கிழமை தாமோதரன் வந்தான். “பாஸ்வேர்டு சொல்லுங்க பாய், ரெண்டு நிமிஷத்துல தொறந்துடலாம்” என்றான். நான் கீபோர்டில் தூசி துடைத்தேன்.

“பாய்?”

“நீதான போட்ட.”

“நான் எங்க போட்டேன்? என்ன கேட்டுக்கு வெளியில நிக்க வெச்சீங்களே. வெயில்ல. ஞாபகம் இருக்கு எனக்கு.”

உன் அம்மா கதவருகே நின்றிருந்தாள். “தெரியாதா உங்களுக்கு?” என்று என்னைக் கேட்டாள். தெரியாது என்றேன். “எப்போலேந்து?” என்றாள். ஊரடங்குக்கு முன்னாலிருந்து என்றேன். அவள் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். கோபம் இருந்ததாகத் தெரியவில்லை. கூட்டிப் பார்த்துக் கணக்கு சரியாக வந்த முகம்தான். உள்ளே போய் டீ போட்டுக் கொண்டுவந்தாள். தாமோதரனுக்கு.

அவன் பென்டிரைவ் ஒன்றைச் சொருகி ஒரு மணி நேரம் போராடினான். ஸ்டோர் திறந்தது. எத்தனையோ புதிய சரக்கு வந்திருந்தது. உன் அம்மாவை உட்காரச் சொன்னேன். “இன்னா வேணுமோ எடுத்துக்கோ” என்றேன். அவள் உட்கார்ந்து, மேலிருந்து கீழே ஒரு முறை பார்த்தாள். “இப்போ ஒண்ணும் வேணாம். அந்தப் பசங்கல்லாம் பெரிசாயிட்டாங்க” என்று எழுந்தாள். தாமோதரன் மீதி டீயைக் குடிக்காமல் கிளம்பினான்.

உனக்கு அறிவுரை சொல்லும் தகுதி எனக்கு இருக்கிறதா என்று நீ கேட்கலாம். இந்த ஒரு விஷயத்தில் பாகூர் கொம்யூன் பஞ்சாயத்தில் என்னைவிடத் தகுதி உள்ளவன் இல்லை. அதனால் தயங்காமல் சொல்கிறேன். பாதுகாப்பு என்று நீ சொல்வதை நான் மறுக்கவில்லை. கணினிக்குள் திருடன் வருவான், தெரியும். ஆனால் திருடனுக்காகப் போட்ட பூட்டின் சாவியை வீட்டுக்காரர்கள் எல்லாரிடமும் கொடுப்பதுதான் வழக்கம். ஒருவனிடம் மட்டும் சாவி இருந்தால் மற்றவர்களின் ஒவ்வொரு தேவையும் அவன் முன்னால் வந்து நின்று காரணம் சொல்ல வேண்டும். காரணம் சொல்லிக் கேட்டு வாங்கியதைச் சந்தோஷமாகப் பயன்படுத்துகிற ஆளை நான் இன்னும் பார்க்கவில்லை. பெரும்பாலோர் ஒரு கட்டத்தில் கேட்பதை விட்டுவிடுவார்கள். பிறகு நீ, என் வீட்டில் யாருக்கும் எந்தக் குறையும் இல்லை, யாரும் எதுவும் கேட்பதில்லை என்று நான்கு பேரிடம் பெருமையாகச் சொல்வாய். நான் சொன்னேன்.

அவள் கண்டதையும் ஏற்றுவாள் என்கிறாய். ஏற்றட்டும். நீ ஏற்றவில்லையா? அவள் நாள் முழுக்க சீட்டு விளையாடினாலும் அது அவள் நாள். வைரஸ் வந்தால் இரண்டு பேரும் உட்கார்ந்து எடுங்கள். நீ தொழிலாகவே அதைச் செய்கிறவன், அதை அவளுக்கும் கற்றுக்கொடு. கல்யாணத்தில் பெண்ணுக்கு மஹர் பணம் கொடுக்கும்போது, இதை எனக்குத் தெரியாமல் செலவு செய்யாதே என்று நிபந்தனை போடுகிறோமா? போட்டால் நிக்காஹ் நடத்த வந்த ஹஜரத் எழுந்து போய்விடுவார். பரிசாகக் கொடுத்த பெட்டிக்கும் அதே சட்டம்தான். நிக்காஹ் அன்று பெண்ணுக்காகப் பேசுகிற வக்கீலும் சாட்சிகளும் பெண்ணிடம் போய்ச் சம்மதமா என்று கேட்பார்கள். அவள் தலையசைத்தால் போதும் என்று நாமெல்லாம் வெளியே பிரியாணியை நினைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்போம். பர்வீன் அந்தக் கேள்வியைப் படித்துப் பார்த்துப் பதில் சொல்ல விரும்புகிறாள். அப்படிப்பட்ட பெண் வீட்டுக்கு வருவதை நான் லாபம் என்று நினைக்கிறேன். உன் அம்மாவும் அப்படித்தான் நினைக்கிறாள், ஆனால் அவள் என்ன நினைக்கிறாள் என்று இனி நான் சொல்லப் போவதில்லை. நீயே கேட்டுக்கொள்.

ஆகவே செய்ய வேண்டியது இது. வந்து பெட்டியை எடுத்துக்கொள். கடையில் மேஜைக்கு அடியில் இருக்கிறது, நான் திறக்கவில்லை. அதிலிருக்கிற உன் கணக்கை முழுவதுமாக எடுத்துவிடு. நிர்வாகி அவளாக இருக்கட்டும். பாஸ்வேர்டு அவள் போடட்டும், நீ வெளியே நில். பெட்டியை யார் மூலமாகவும் அனுப்பாதே, நீயே வில்லியனூர் போய்க் கொடு. கொடுக்கும்போது, சரி, இனி உனக்கு என்ன வேண்டுமோ போட்டுக்கொள் என்று அனுமதி கொடுக்கிற குரலில் சொல்லாதே. அந்தக் குரலில் நான் வெள்ளிக்கிழமை சொல்லிப் பார்த்தேன். தப்பு என்னுது என்று சொல். சின்ன வாக்கியம், வாய் வலிக்காது. முன்னால் ஒரு முறை சொல்லிப் பார்த்துக்கொண்டு போனால் இன்னும் நல்லது. நான் பழகாததால் எனக்குப் பதினேழு வருஷம் பிடித்தது. உனக்கு அவ்வளவு அவகாசம் இருக்காது என்று நினைக்கிறேன். அந்தப் பெண்ணின் கணக்கு உன் அம்மாவின் கணக்கைவிட வேகமாக நடக்கிறது.

இன்னொன்று. இதை என் பேச்சைக் கேட்டு நீ செய்ததாக அவளிடம் சொல்ல வேண்டாம். அத்தா சொன்னதால் வந்தேன் என்றால், வீட்டில் நிர்வாகி மாறவில்லை, ஆள்தான் மாறியிருக்கிறார் என்று அவள் புரிந்துகொள்வாள். சரியாகத்தான் புரிந்துகொள்வாள். இந்தக் கடிதத்தை முழுக்கப் படித்த பிறகும் உன் நூற்று நாற்பது கணினிகளின் நியாயமே பெரிது என்று தோன்றினால் அதையும் நேரில் போய்ச் சொல். போனில் சொல்லாதே. பதில் சொல்லாமல் இருப்பது எல்லாவற்றிலும் மோசம். அது எவ்வளவு வசதி என்பது எனக்குத் தெரியும்.

நேற்று மாலை கல்யாணப் பத்திரிகையின் மாதிரி வந்தது. அச்சகத்துக் கணினியிலேயே உட்கார்ந்து பர்வீன் வடிவமைத்தது. உன் பெயர், அவள் பெயர், இரண்டு வீட்டுப் பெரியவர்களின் பெயர்கள், மண்டபத்தின் விலாசம் எல்லாம் பிழையில்லாமல் இருக்கின்றன. தேதி வரவேண்டிய இடம் காலியாக இருக்கிறது.